தீவுக்கு இரண்டாம் முறை வந்த நாள்

மூன்று வருடங்களுக்கு முன்னால், கர்க்கடக மாத மழை, நம் ஆடி மழை, சற்றே ஓய்ந்திருந்த ஒரு காலை நேரம். கேரளத்தின் தென்கோடியிலுள்ள பூவாரில், நெய்யாறு கடலோடு சேரும் இடத்துக்குக் கொஞ்சம் உள்ளே, ஐந்தே வீடுகள் இருக்கிற ஒரு சின்னத் தீவின் படித்துறையில் நான் கேமராவோடு நின்றுகொண்டிருந்தேன். அன்று நடந்ததை இதுவரை யாரிடமும் முழுசாகச் சொன்னதில்லை. சொல்ல ஆரம்பித்தால் பாதியிலேயே என் பக்கத்து நியாயத்தைப் பேச ஆரம்பித்துவிடுவேன். இந்த முறை அப்படிச் செய்யாமல் சொல்லிப் பார்க்கிறேன்.

நான் குன்னத்துகால்காரி. படிப்பு முடிந்து சென்னைக்குப் போய்ப் பதின்மூன்று வருடம் கேமராவோடு அலைந்தேன். கம்பெனிகளுக்கு விளம்பரப் படம், கல்யாணங்களுக்கு வீடியோ, நடுநடுவே மனசுக்குப் பிடித்த ஒன்றிரண்டு ஆவணப்படங்கள். என் கணவர் மதுரைக்காரர். கம்ப்யூட்டரும் இன்டர்நெட்டும் இருந்தால் எந்த மூலையிலிருந்தும் வேலை பார்ப்பார். தண்ணீர் என்றால் அவருக்குக் குழாயில் வருவதுதான் தெரியும், நீச்சல் சுத்தமாகத் தெரியாது. மகளுக்கு அப்போது ஏழு வயது. இந்த மூன்று பேரும் நகரத்தை விட்டுவிட்டு ஒரு தீவில் குடியேறுவது என்று முடிவு செய்தபோது, அந்தக் குடியேற்றத்தையே படமாக எடுப்பது என்று நான் முடிவு செய்தேன். எது முதலில், எது பின்னால் என்று இப்போது கேட்டால் எனக்கே சந்தேகமாக இருக்கிறது. படம் எடுப்பதற்காகத்தான் போனோமோ என்னவோ.

நாங்கள் தீவுக்கு வந்தது வைகாசிக் கடைசியில். கட்டில், பீரோ எல்லாம் முந்தின நாளே போய்விட்டன. நாங்கள் மூன்று பேரும் துணி மூட்டைகளோடு ஒரு வள்ளத்தில், சின்னத் துடுப்புப் படகில், வந்து இறங்கினோம். நான் முதலில் இறங்கிக் கேமராவை வைத்து, மகள் முதன்முதலாகப் படியில் கால் வைக்கிற காட்சியை எடுக்க வேண்டும் என்று ஆறு மாதமாக எனக்குக் கனவு. எடுத்தேன். அன்று மத்தியானம் போட்டுப் பார்த்தால் ஒன்றுமே இல்லை. பதட்டத்தில் பதிவு பொத்தானை அழுத்தவே இல்லை. பதின்மூன்று வருட அனுபவசாலி! தலையில் அடித்துக்கொண்டேன். கணவர் சிரித்தார், நான் அவரோடு இரண்டு நாள் பேசவில்லை.

இன்னொரு தொல்லையும் இருந்தது. கேமராவைக் கண்டால் அந்த ஊரில் யாரும் சும்மா போக மாட்டார்கள். பக்கத்தில் போகிற படகிலிருந்து கை ஆட்டுவார்கள், "எந்தா சேச்சி, சினிமாவா?" என்று கூவுவார்கள். அமைதியான காலை, அழகான வெளிச்சம் என்று நான் எடுக்கிற காட்சி அத்தனையிலும் யாராவது ஒருவர் பல்லைக் காட்டிக்கொண்டு இருப்பார். கடைசியில் பொறுக்க முடியாமல் வீடு வீடாகப் போய்ச் சொன்னேன். ட்ரைபாடில் சிவப்புத் துண்டு கட்டியிருந்தால் எடுத்துக்கொண்டிருக்கிறேன் என்று அர்த்தம், அப்போது யாரும் கூப்பிடக் கூடாது, பக்கத்தில் வரக் கூடாது, என்ன அவசரம் என்றாலும் துண்டை அவிழ்த்த பிறகுதான் என்று. கொஞ்சம் அதிகாரமாகவே சொன்னேன் என்று நினைக்கிறேன். நல்ல மனிதர்கள். அன்றிலிருந்து சிவப்புத் துண்டைப் பார்த்தால் தொண்டையைக் கனைப்பதுகூட இல்லை.

ஒரு விஷயத்தை இங்கே சொல்லிவிட வேண்டும். நெய்யாறு கடலில் சேரும் வாயில் ஒரு மணல் திட்டு உண்டு. அதைப் 'பொழி' என்பார்கள். அலை மண்ணைக் கொண்டுவந்து போட்டுப் போட்டு வாயை அடைத்துவிடும். அப்போது உள்ளே ஆறு குளம் மாதிரி அசையாமல் கிடக்கும். மதுரைக்காரர்கூடத் துடுப்புப் போடலாம். என் கணவர் அப்படித்தான் பழகினார். மேலே மலைப்பக்கம் மழை பெய்து தண்ணீர் ஏறி, தாழ்ந்த வீடுகளுக்குள் புகுந்தால், ஊர்க்காரர்கள் கூடி அந்த மணல் திட்டை வெட்டிவிடுவார்கள். அதற்குப் பெயர் பொழி முறிப்பது. வெட்டியதும் உள்ளே இருக்கிற தண்ணீர் மொத்தமும் கடலைப் பார்த்து ஓடும். அந்த இழுப்பை 'ஒழுக்கு' என்பார்கள். இதெல்லாம் அங்கே பிறந்தவர்களுக்குச் சோறு சாப்பிடுவது மாதிரித் தெரிந்த சங்கதி. எனக்கும் கேள்விப்பட்டுத் தெரியும். ஆனால் கண்ணால் பார்த்ததில்லை. குன்னத்துகாலுக்கும் பூவாருக்கும் அதிக தூரம் இல்லைதான், ஆனாலும் நாங்கள் ரப்பர் பால் பார்த்து வளர்ந்தவர்கள்.

அந்த வாரம் நான்கு நாளாக விடாத மழை. தண்ணீர் ஏறிப் படித்துறையில் நான்கு படிகள் முங்கிவிட்டன. ஐந்தாவது நாள் காலை மழை நின்றது. மேகம் மூடிய வானம், நிழலே விழாத மென்மையான வெளிச்சம், படி விளிம்பு வரை நிறைந்த தண்ணீர். நாங்கள் முதன்முதலாக வந்த நாள் அச்சு அசலாக இப்படித்தான் இருந்தது. ஒரு படவிழாவுக்கு அனுப்ப வேண்டிய கடைசி நாள் வேறு நெருங்கிக்கொண்டிருந்தது. இன்றைக்கே அந்த வருகையைத் திரும்ப எடுத்துவிடுவது என்று தீர்மானித்தேன்.

பக்கத்து வீட்டு அண்ணன் சுற்றுலாப் படகு ஓட்டுகிறவர். காலையில் வேலியோரம் நின்று சொன்னார். "மக்கா, இன்னைக்குப் பொழி முறிப்பாவ. வள்ளம் எறக்காண்டாம் கேட்டியா. எங்க படகெல்லாம் கெட்டிப் போட்டாச்சு."

"எப்பம் அண்ணா முறிப்பாவ?" என்று கேட்டேன்.

"உச்சை கழிஞ்சு ஆக்கும் சொன்னாவ. ஆனா அதை நம்பப்பிடாது."

அவர் சொன்னதில் முதல் பாதியை மட்டும் நான் எடுத்துக்கொண்டேன். மத்தியானத்துக்கு மேல் என்றால் காலையில் மூன்று மணி நேரம் இருக்கிறதே! எனக்கு அரை மணி நேரம் போதும்.

கணவருக்கு விருப்பமில்லை. மகளோ நேரடியாகவே கேட்டாள். "நாமதான் அன்னைக்கே வந்துட்டோமே. மறுபடியும் எதுக்கு வரணும்?" எனக்குக் கோபம்தான் வந்தது. அதே நீலச் சட்டை, அதே மஞ்சள் கவுன், அதே துணி மூட்டைகள் எல்லாம் வெளியே வந்தன. கவுனின் கழுத்துக்கு உள்பக்கம் சின்ன மைக்கைப் பொருத்தினேன். வள்ளத்தில் ஏறும்போது அவள் வழக்கம்போல ஆரஞ்சு நிற மிதவை ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டாள். அதைக் கழற்றச் சொன்னது நான்தான். முதல் நாள் வந்தபோது அவளிடம் அந்த ஜாக்கெட் இல்லை, அதற்கு அடுத்த வாரம்தான் வாங்கினோம். படத்தில் பின்னால் வருகிற காட்சிகளோடு பொருந்தாது என்றேன். கணவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். "அம்பது அடி தூரம்தானே, தண்ணி ஆடாம அசையாம கிடக்கு" என்றேன். ஜாக்கெட் என் காலடியில் படியில் கிடந்தது.

எதிர்க்கரைக்குப் போய்த் திரும்பி வர வேண்டும், அவ்வளவுதான். முதல் தடவை மகள் நேராகக் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டாள். இரண்டாவது தடவை ஒரு மூட்டை சரிந்தது. திரும்பப் போகச் சொன்னேன். "கேமராவைப் பார்க்காத. என்னைக் கூப்பிடாத. நான் கட் சொல்ற வரைக்கும் நீ பாட்டுக்கு வேடிக்கை பாத்துட்டு வா" என்று மகளுக்குப் பாடம் நடத்தினேன்.

அவர்கள் எதிர்க்கரையில் வள்ளத்தைத் திருப்பிக்கொண்டிருந்தபோது ஒன்றைக் கவனித்தேன். தண்ணீருக்கு மேலே படியில் ஒரு விரல் அகலத்துக்கு ஈரப்பட்டை தெரிந்தது. சற்று முன்னால் அது இல்லை. பார்த்துக்கொண்டிருக்கும்போதே இரண்டு விரல் அகலமானது. வேறு யாராவது இருந்தால் என்ன ஏது என்று யோசித்திருப்பார்கள். நான் செய்தது என்ன தெரியுமா? ஃப்ரேமின் கீழே அந்த ஈரம் அசிங்கமாகத் தெரிகிறதே என்று ட்ரைபாடை ஒரு படி இறக்கி வைத்தேன்.

பொழியை நேரத்தோடேயே வெட்டிவிட்டிருந்தார்கள். அக்கரையில் சில வீடுகளுக்குள் தண்ணீர் ஏறியதால் மத்தியானம் வரை காத்திருக்கவில்லை என்று பிற்பாடு தெரிந்தது.

ஹெட்போனை மாட்டிக்கொண்டு கை காட்டினேன். வள்ளம் கிளம்பியது. காதுக்குள் மகளின் மூச்சு, துடுப்பு தண்ணீரில் விழும் சத்தம், கணவர் ஏதோ முனகுவது எல்லாம் பக்கத்தில் உட்கார்ந்து பேசுவது போலக் கேட்டது. பாதி தூரம் வந்ததும் வள்ளம் என்னை நோக்கி வராமல் பக்கவாட்டில் நகர ஆரம்பித்தது. கணவர் வேகமாகத் துடுப்புப் போட்டார். நான் கேமராவை அவர்கள் கூடவே மெல்லத் திருப்பினேன். பின்னால் தென்னை மரங்கள் ஓடின. இரண்டு தடவையும் கிடைக்காத ஒரு வேகம் காட்சிக்குக் கிடைத்துவிட்டதே என்று உண்மையிலேயே சந்தோஷப்பட்டேன்.

அப்போது காதுக்குள் மகளின் குரல். கத்தவில்லை. கூப்பிடக் கூடாது என்று நான் சொல்லியிருந்தேனே, அதனால் வாய்க்குள்ளேயே, கெஞ்சுவது போல.

"அம்மா, கட் சொல்லும்மா."

 கேமராவிலிருந்து தலையை எடுத்து வெறும் கண்ணால் பார்த்தேன். லென்ஸ் வழியே பக்கத்தில் தெரிந்த வள்ளம் நிஜத்தில் எவ்வளவோ தள்ளிப் போயிருந்தது. ஆற்றில் சருகும் நுரையும் குலை குலையாகக் கடலைப் பார்த்து ஓடிக்கொண்டிருந்தன. ஹெட்போனைப் பிடுங்கி எறிந்ததும்தான் வேறு சத்தம் காதில் விழுந்தது. முகத்துவாரத்தில் அலை இடிக்கிற சத்தம்.

"கட்! கட்!" என்று கத்தினேன். அந்த நேரத்தில் என் வாயில் வந்தது அதுதான், அதை நினைத்தால் இப்போதும் அவமானமாக இருக்கிறது.

எனக்குப் பின்னால் பத்தடியில் பக்கத்து வீட்டு அண்ணனின் மனைவி நின்றிருந்தாள். எப்போது வந்தாள் என்று தெரியாது. நான் கத்தியதுதான் தாமதம், அடக்கி வைத்திருந்தது உடைந்த மாதிரி அவள் இரண்டு கையையும் வாயில் குவித்து ஒரு கூவல் கூவினாள். தீவின் மறுபக்கம் கட்டிப் போட்ட படகில் மழைத் தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்த அண்ணனுக்கு அது கேட்டது. "ஏய்! ஒழுக்கு பிடிச்சாச்சு! சாரும் பிள்ளையும் வள்ளத்தில உண்டு!" என்று அலறிக்கொண்டே அவள் அந்தப் பக்கம் ஓடினாள். நான் கரையோடு வள்ளம் போன திசையில் ஓடினேன். அந்தத் தீவு எவ்வளவு சின்னது என்று அன்றுதான் தெரிந்தது. ஒரு நிமிடத்தில் கரை முடிந்து தாழம்புதர் வந்துவிட்டது. அதற்கு மேல் தண்ணீர்தான்.

வலை கட்டுவதற்காக ஆற்றில் நட்டு வைத்த மூங்கில் கம்புகள் அந்தப் பக்கம் வரிசையாக உண்டு. அதில் கடைசிக் கம்பைக் கணவர் இரண்டு கையாலும் கட்டிப் பிடித்துக்கொண்டிருந்தார். வள்ளம் அவர் காலுக்குக் கீழே திமிறியது. துடுப்பைக் காணோம். மகள் அவர் இடுப்பை இறுக்கிக்கொண்டு முதுகில் முகத்தைப் புதைத்திருந்தாள். மஞ்சள் கவுன் மட்டும் தெரிந்தது. கம்பு வளைந்து வளைந்து நிமிர்ந்தது. அது ஒடிந்தால், அதற்கு அப்பால் பிடித்துக்கொள்ள ஒன்றுமே இல்லை. நீச்சல் தெரியாத மனிதரையும் ஜாக்கெட் இல்லாத குழந்தையையும் என் கையாலேயே அங்கே அனுப்பிவிட்டு, முழங்கால் சேற்றில் நான் நின்றேன். எங்கள் வீட்டுச் சிவனிலிருந்து வேளாங்கண்ணி மாதா வரை எல்லாரையும் கூப்பிட்டேன். கம்பிலிருந்து கண்ணை எடுத்தால் ஒடிந்துவிடும் என்று ஒரு பைத்தியக்கார எண்ணம். கண்ணைக்கூட இமைக்கவில்லை.

இன்ஜின் சத்தம் வருவதற்கு எவ்வளவு நேரம் ஆனதோ தெரியாது. இரட்டைக் கயிறு போட்டுக் கட்டிய படகு, அவிழ்க்க நேரமாகும். ஒரு கயிற்றை அரிவாளால் வெட்டிவிட்டு வந்தாராம். அவர்களை நோக்கி நேராக வருவார் என்று பார்த்தால், அண்ணன் படகை ஒதுக்கி ஓட்டி அவர்களைத் தாண்டிப் போனார், கடல் பக்கம். என் உயிரே போய்விட்டது. ஆனால் அவருக்குத் தெரியும். ஒழுக்கோடு வந்தால் படகு வள்ளத்தில் மோதி எல்லாரையும் சாய்த்துவிடும். கீழே போய்த் திரும்பி, ஓடுகிற தண்ணீரை எதிர்த்து அங்குலம் அங்குலமாக ஏறி வந்தார்.

"சாரே, கம்ப விடாண்டாம்! நான் சொன்ன பொறவு விட்டா மதி!" என்று அவர் கத்தியது எனக்குக் கேட்டது. பிறகு குரலை மாற்றி, தெருவில் பார்த்துப் பேசுவது போல மகளிடம், "பேடிக்காண்டாம் மக்களே. இங்கோட்டு வா. மாமன் பிடிச்சுக்கிடுவேன்" என்றார்.

அவள் அப்பாவின் இடுப்பை விட மாட்டேன் என்றாள். கணவர் என்ன சொன்னாரோ, கடைசியில் ஒரு கையை எடுத்தாள். அண்ணன் அந்தக் கையைப் பிடித்துச் சுண்டி இழுத்துப் படகுக்குள் போட்டார். அடுத்து கணவர் பாய்ந்தார். பாய்ந்தது பாதி, விழுந்தது பாதி, அண்ணன் சட்டைக் காலரைப் பிடித்துத் தூக்கினார். எங்கள் வள்ளம் துணி மூட்டைகளோடு கடலுக்குப் போனது. அது போவதை நான் பார்க்கவே இல்லை, படகில் மஞ்சள் நிறம் அசைகிறதா என்றுதான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

படித்துறையில் இறக்கும்போது கணவரின் உள்ளங்கைகள் இரண்டும் கிழிந்து ரத்தமாக இருந்தன.  அவர் மகளைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குள் போனார். அண்ணனின் காலில் விழப் போனேன். அவர் விலகி நின்று, "போ மக்கா, போயி பிள்ளைக்கு சூடா எதாவது குடு" என்று மட்டும் சொன்னார். காலையில் நான் சொன்னேனே என்று அன்றும் சொல்லவில்லை, இன்றுவரை சொல்லவில்லை.

அதைவிட என்னைச் சுட்டது அவர் மனைவிதான். சாயங்காலம் கஞ்சியும் பயறும் கொண்டுவந்தவள் வாசலிலேயே நின்று அழுதாள்.

"சேச்சி, என்னிட்ட தேச்சியப்படாதீங்க. வெள்ளம் எறங்கியத கண்டு சொல்லத்தான் வந்தேன். செவப்புத் துண்டு கெட்டிக் கெடந்து. வள்ளம் ஒழுக்கில போனப்பமும் விளிக்கத்தான் வந்தேன். நீங்க பைய கேமராவ திருப்பிட்டு நின்னீங்க. சினிமாவில இப்படியும் உண்டு போலன்னு நெனச்சுப் போட்டேன்."

கோபப்படாதீர்கள் என்று அவள் என்னிடம் கேட்கிறாள்! தப்பு செய்தவள் நான், மன்னிப்புக் கேட்கிறவள் அவள். அவளைக் கட்டிக்கொண்டு அழுவதைத் தவிர எனக்கு எதுவும் செய்யத் தோன்றவில்லை. மறுநாள் மற்ற நான்கு வீட்டுக்கும் போய், இனிமேல் நான் என்ன செய்துகொண்டிருந்தாலும் கூப்பிடுங்கள், எப்போது வேண்டுமானாலும் கூப்பிடுங்கள் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

நான் விட்டு ஓடிய கேமரா படியில் நின்று, பேட்டரி தீரும் வரை வெறும் தண்ணீரைப் பதிவு செய்துகொண்டிருந்தது. அந்தப் பதிவைத் தொட இரண்டு மாதம் பிடித்தது. ஒரு நாள் வீட்டில் யாரும் இல்லாத நேரத்தில் போட்டுப் பார்த்தேன். வள்ளம் விலக ஆரம்பித்ததிலிருந்து நாற்பது விநாடி நான் கேமராவைத் திருப்பியிருக்கிறேன். ஒரு நடுக்கம் இல்லை. நடுவில் மகளின் முகத்துக்கு ஜூம் செய்து, ஃபோகஸைக்கூடச் சரிசெய்திருக்கிறேன். உதடு பிதுங்கி, கண் இரண்டும் கரையைத் தேடுகின்றன. இவ்வளவு நாளில் நான் எடுத்த காட்சிகளில் இவ்வளவு நேர்த்தியானது வேறு இல்லை. அதோடு இருந்திருந்தால்கூடப் பரவாயில்லை. மகள் 'கட் சொல்லும்மா' என்றது கேட்டதுமே தலையை நிமிர்த்தினேன் என்றுதான் நான் நம்பிக்கொண்டிருந்தேன். பதிவில் அவள் அதை மூன்று தடவை சொல்கிறாள். இரண்டாவது தடவை சொன்னதும் என் குரல் கேட்கிறது. "இன்னும் கொஞ்சம்டா கண்ணு, நல்லா இருக்கு" என்கிறேன். அப்படிச் சொன்னதாக எனக்குத் துளி ஞாபகம்கூட இல்லை. ஆனால் குரல் என்னுடையதுதான்.

படம் முடிந்தது. தாமதமாகத்தான் முடிந்தது. அதில் நாங்கள் தீவுக்கு வந்து சேர்கிற காட்சியே கிடையாது. இன்னமும் அதே தீவில்தான் இருக்கிறோம். கணவர் அந்த அண்ணனிடம் நீச்சல் கற்றுக்கொண்டார். மகளுக்கு இப்போது பத்து வயது. அந்த நாளைப் பற்றி அவள் தன் தோழிகளிடம் பெருமையாகக் கதை சொல்வதைக் கேட்டிருக்கிறேன். அந்தக் கதையில் நான் உடனே கத்தி எல்லாரையும் கூட்டிக் காப்பாற்றிய அம்மா. அந்தப் பதிவை அவள் பார்த்ததில்லை. பெரியவளானதும் காட்ட வேண்டுமா, வேண்டாமா என்று எனக்கும் கணவருக்கும் இன்னும் பேச்சு முடியவில்லை. அவள் அடுத்த அறையிலிருந்து "அம்மா" என்று ஒரு தடவை கூப்பிட்டாலும், கையில் இருப்பதைப் போட்டுவிட்டு எழுந்து போகிறேன். இது அவள் கூப்பிடுகிற முதல் தடவைதானா, இல்லை, ஏற்கெனவே இரண்டு தடவை கூப்பிட்டு எனக்குக் கேட்காமல் போனதா என்ற பயம் ஒவ்வொரு முறையும் என்கூடவே எழுந்து வருகிறது.